நாத்தனார் வரைந்த உயிர் மரம்

இதை எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தே பல வருஷங்களை ஓட்டிவிட்டேன். பேனாவை எடுப்பேன், தாளின் மேலே 'முருகா துணை' என்று போடுவேன், உடனே அடுப்பில் பால் பொங்குகிறது என்று எழுந்து போய்விடுவேன். எல்லா நாளுமா பால் பொங்கும்? தயக்கம்தான். என் மாமனாரும் அவருடைய தம்பியும் உயிரோடு இருந்தவரை எழுதக் கை வரவில்லை, இரண்டு பேருக்குமே ரோஷம் ஜாஸ்தி. அவர்கள் சாமியிடம் போன பிறகு, போனவர்களை வைத்துச் சிரிக்கலாமா என்று வேறொரு தயக்கம் வந்தது. போதாததற்கு நான் எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவள். உயிர்களைப் பற்றி எழுத நான் யார் என்றும் தோன்றும்.

கடைசியில் என்னை எழுத உட்காரவைத்தது ஒரு கல்யாணப் பந்தி. பக்கத்து இலையில் இருந்த அம்மாள், நான் யாரென்று தெரியாமல், எங்கள் வீட்டுக் கதையை எனக்கே சொன்னாள்.

"ஸ்கெலட்டன்ல ஒரு டீச்சர் இருந்தாளாம். அப்பன்கிட்ட கொரங்கு படத்தைக் காட்டி, நாம எல்லாருமே கொரங்குதான், கொரங்குக்கு இன்னா மொறை கிறைன்னு கேட்டு, இஷ்டப்பட்டவனைக் கட்டிக்கினாளாம். அந்த அப்பன் அன்னிக்கே வூட்ல இருந்த சாமி படத்தையெல்லாம் கயட்டி வெளில போட்டானாம்."

எனக்குப் பாயசம் இறங்கவில்லை. அந்த டீச்சர் என் நாத்தனார். அந்த அப்பன் என் மாமனார். அவர் கழற்றியதாகச் சொல்லப்படும் முருகன் படம் இன்றைக்கும் என் பூஜை அலமாரியில் இருக்கிறது, காலையில்தான் பூ வைத்துவிட்டு வந்தேன். நாத்தனார் வரைந்த படத்தில் குரங்கு இருந்தது உண்மை. ஆனால் அது ஒரு ஓரமாக இருந்தது, கல்யாணத்துக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆகவே நடந்ததை நடந்தபடி சொல்லிவிடுகிறேன்.

கோலார் தங்க வயலில் ஸ்கெலட்டன் லைன் என்று ஒரு தொழிலாளர் குடியிருப்பு வரிசை, அதில் எங்கள் வீடு கடைசிக்கு முந்தினது. கடைசி வீடு சின்ன மாமாவுடையது. மாமனார் அவரைத் 'தம்பி' என்பார், அவர் மாமனாரை 'அண்ணே' என்பார், அதனால் எனக்கு அவர் சின்ன மாமா. நான் கல்யாணமாகி வந்து வெகுநாள்வரை இரண்டு பேரும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள் என்றே நினைத்திருந்தேன். மூக்குகூட ஒரே மாதிரி இருப்பதாகப் பட்டது. அப்புறம்தான் மாமியார் சொன்னார், மாமனார் குடியாத்தம் பக்கம், சின்ன மாமா ஆரணி பக்கம், ஒரே மேஸ்திரி இரண்டு ஊரிலும் ஆள் பிடித்து ஒரே ரயிலில் ஏற்றிக்கொண்டு வந்தான், இறங்கியதும் அடுத்தடுத்த வீட்டைக் கொடுத்தார்கள், அவ்வளவுதான் என்று.

தங்க வயலில் இது சகஜம். ஊரில் விட்டுவந்த அண்ணன் தம்பிக்குப் பதிலாகப் பக்கத்து வீட்டில் ஒரு அண்ணன் தம்பி. பிள்ளைகள் அடுத்த வீட்டுக்காரரைச் சித்தப்பா, பெரியப்பா என்று கூப்பிட்டு வளரும். ஒரு வீட்டில் சாவு என்றால் அடுத்த வீட்டிலும் அடுப்பு எரியாது.

இவர்கள் இருவரும் சுரங்கத்துக்குள் மரம் முட்டுக்கொடுக்கிற வேலை. டிம்பர்மேன் என்பார்கள். கூரைக் கல் சரியாமல் மரத்தை நிறுத்துவது. ஒரு தடவை பாறை வெடித்து வழி அடைபட்டு, இவர்கள் இரண்டு பேரும் உள்ளே மாட்டிக்கொண்டார்கள். இவர்கள் இறங்கிய ஷாஃப்டிலிருந்து, அதாவது கேஜ் என்கிற இரும்புக் கூண்டு ஆட்களை ஏற்றி இறக்குகிற செங்குத்துக் குழியிலிருந்து, யாரும் நெருங்க முடியவில்லை. அடுத்த ஷாஃப்டுக்கும் இதற்கும் நடுவில் பாறையைக் குறுக்காகக் குடைந்து ஒரு வழி போட்டிருந்தார்கள். க்ராஸ்கட் என்பது அதன் பெயர். அந்த வழியாக அந்தப் பக்கத்து ஆட்கள் வந்துதான் இவர்களை இழுத்தார்கள். அதற்கப்புறம் இவர்கள் அண்ணன் தம்பி இல்லை என்று யார் சொன்னாலும் அடி விழும்.

இங்கேதான் சங்கடம். சின்ன மாமாவுக்கு ஒரு பிள்ளை, ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர். நல்ல பையன், கிருத்திகை தவறாமல் விரதம் இருப்பான். என் நாத்தனார் பயிற்சி முடித்துப் பெண்கள் பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்தாள். இரண்டு பேரும் சின்ன வயதில் ஒன்றாகக் கோலி ஆடியவர்கள். பெரியவர்களான பிறகு ஒரு மாற்றத்தைக் குழாயடியில் நான் கவனித்தேன். அவள் மற்ற பையன்களை எல்லாம் 'அண்ணா' என்பாள். இவனை மட்டும் ஒன்றும் சொல்லமாட்டாள். "ந்தா, கொடம் ரொம்பிடிச்சி" என்பாள். அவனும் இவளைத் 'தங்கச்சி' என்று வாய் தவறிக்கூடச் சொல்லமாட்டான். கூப்பிடாமல் இருப்பதற்கு இவ்வளவு கஷ்டப்படுகிற இரண்டு பேரை நான் பார்த்ததில்லை. எனக்குப் புரிந்துபோயிற்று. அவளைக் கேட்டேன், ஒத்துக்கொண்டாள்.

ஆனால் சொல்வது யார்? சித்தப்பா மகன் என்றால் அண்ணன் முறை. பங்காளி வீட்டில் பெண் கொடுப்பார்களா? அதற்குள் வாணியம்பாடியிலிருந்து ஒரு வரன் வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை பெண் பார்க்க வருகிறார்கள். இந்த வரனைத் தேடிக் கொண்டுவந்தது யார் தெரியுமா? சின்ன மாமாவேதான். "எம் பொண்ணுக்கு நான் பாக்காம யாரு பாப்பா" என்று மீசையைத் தடவிக்கொண்டு சொன்னார். சுவருக்கு அந்தப் பக்கம் அவருடைய பிள்ளை சோறு இறங்காமல் உட்கார்ந்திருந்தது அவருக்குத் தெரியாது.

என் வீட்டுக்காரர் இதில் என்ன செய்தார் என்று கேட்பீர்கள். அவருக்கு ஷிப்டு. வந்தால் தூங்குவார், எழுந்தால் போவார். இந்தக் கதையில் அவருக்கு வேலை இல்லை.

இந்த நிலைமையில்தான் படம் வந்தது. பள்ளிக்கூடத்தில் ஒரு பழைய படம், இங்கிலீஷில் எழுத்து, எலி ஓரத்தைத் தின்றுவிட்டது. தலைமை ஆசிரியை அம்மாள் அதைப் பார்த்துத் தமிழில் புதிதாக ஒன்று வரையச் சொல்லியிருந்தார். சனிக்கிழமை மத்தியானம் நாத்தனார் பெரிய வெள்ளைத் தாளைக் கூடத்தில் விரித்து, நாலு மூலையிலும் படி, ஆழாக்கு, அம்மிக்குழவி, டப்பாவில் நான் வளர்த்த பெரிய கத்தரிக்காய் என்று எடையை வைத்து வரைய ஆரம்பித்தாள். அடியில் ஒரு தண்டு. அது இரண்டாகப் பிரிந்து, ஒவ்வொன்றும் மறுபடி பிரிந்து, மேலே போய் வரிசையாக முடிந்தது. முடிகிற இடங்களில் எல்லாம் ஒவ்வொரு உயிர். வாழை மரம், எறும்பு, மீன், தவளை, பல்லி, கோழி, மாடு, வௌவால், எலி, மனுஷன், ஓரத்தில் குரங்கு. பழைய படத்தில் மனுஷனைத் தனியாக உச்சியில் தூக்கி வைத்திருந்தார்கள். இவள் எல்லாவற்றையும் ஒரே மட்டத்தில் வைத்தாள்.

"ஏன் இப்படி?" என்றேன்.

"எல்லாம் இன்னிக்கு உயிரோட இருக்குது இல்ல அண்ணி. அப்ப எல்லாம் ஒரே மட்டம்தானே."

மாமனார் முதல் ஷிப்டு முடிந்து வந்தார். காலைக் கழுவிக்கொண்டு உள்ளே வந்தவர் படத்தைப் பார்த்ததும் குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டார்.

"இன்னாம்மா இது. எந்த ஷாஃப்டு?"

சிரிக்கக் கூடாது என்று நான் கத்தரிக்காயைப் பார்த்தேன். அவர் பேரில் தப்பில்லை. ஆபீசில் சுரங்கத்துப் படம் அப்படித்தான் தொங்கும். மேலே ஒரு கோடு, அது தரை. அங்கிருந்து கீழே இறங்கும் ஷாஃப்டுகள், அவற்றிலிருந்து பக்கவாட்டில் லெவல்கள்.

"நைனா, இது சுரங்கம் இல்ல. உயிருங்க ஒன்னுக்கொன்னு இன்னா ஒறவுன்னு காட்டற படம்."

அவர் விரலை வைத்து மேல் வரிசையை இடமிருந்து வலமாகத் தடவிக்கொண்டே போனார். விரல் மனுஷனிடம் வந்து நின்றது.

"மனுஷன் பக்கத்துல எலியை நிக்க வெச்சிருக்கிற. எலிக்கு நான் இன்னா மாமனா மச்சானா?"

"பக்கத்துல நின்னா ஒறவா நைனா? கேஜ்ல எறங்கறப்போ உங்க நெஞ்சோட நெஞ்சு ஒட்டினு நிக்கறவரு உங்க அண்ணனா?"

"எவன் பீடி நாத்தம்னுகூடத் தெரியாது."

"அதேதான். மேல யாரு யாரு பக்கத்துல நிக்கறாங்கன்னு பாக்கக் கூடாது. கீழ எறங்கணும். மனுஷங்கிட்ட இருந்து நீங்க எறங்குங்க. எலிகிட்ட இருந்து அண்ணி எறங்கட்டும். ரெண்டு பேரும் எங்க மூஞ்சி பாக்கறீங்களோ, அது எவ்ளோ ஆழத்துல இருக்குதோ, அதுதான் ஒறவு. மேலாப்புல சேந்தா கிட்டத்து ஒறவு. ஆழமாப் போயி சேந்தா தூரத்து ஒறவு."

நானும் விரலை வைத்தேன். மாமனாரும் மருமகளும் விரலால் சுரங்கத்தில் இறங்கினோம். நான் எலியின் வழியாக, அவர் மனுஷன் வழியாக. குரங்கு வருகிற கிளை முதலில் அவரோடு சேர்ந்தது. இன்னும் கொஞ்சம் இறங்கியதும் என் விரல் அவர் விரலை இடித்தது. மரியாதைக்கு நான் விரலை எடுத்துக்கொண்டேன்.

"அப்ப குரங்கு எனக்குக் கிட்ட," என்றார்.

"ஆமா."

"குரங்குல இருந்துதான் நாம வந்தோம்னு ஃபோர்மேன் ஒருத்தன் சொல்லினு திரிவான்."

"அதான் தப்பு. குரங்கும் மேலதான இருக்குது, உங்க மட்டத்துல. ரெண்டும் இந்த சந்துல இருந்து பிரிஞ்சி வந்தது. சந்துல இருந்தது இன்னிக்கு இல்ல."

அவர் அந்தச் சந்தில் விரலை வைத்து அழுத்தினார். "அப்ப குரங்கு நம்ம தாத்தா இல்ல."

"இல்ல. பங்காளி."

"அது தேவலை. தாத்தான்னா அமாவாசைக்கி அமாவாசை படைக்கணும். பங்காளின்னா பொங்கலுக்குப் பாத்துக்கலாம்."

ஆனாலும் எலி அவர் மனசை அரித்தது. மனுஷன் பக்கத்தில் மாட்டை வைக்க முடியாதா என்று கேட்டார். முடியும் என்றாள் நாத்தனார். கிளை பிரிகிற இடத்தில் பிடித்துத் திருப்பிவிட்டால் போதும், வலது இடதாகும், எலி அந்தப் பக்கம் போகும், மாடு இந்தப் பக்கம் வரும் என்று சொல்லி, ஒரு காகிதத்தில் போட்டுக் காட்டினாள். சந்துகள் எல்லாம் அந்தந்த இடத்திலேயே இருந்தன, நிற்கிற வரிசை மட்டும் மாறியிருந்தது.

"இப்ப ஒறவு மாறிச்சா நைனா?"

மறுபடி விரலால் இறங்கிப் பார்த்தார். "மாறல."

"நிக்கிற எடம் நாம வெக்கிறது. சேர்ற எடம் நாம வெக்கிறது இல்ல. அப்படித்தானே?"

"அப்படித்தான்."

அவள் என்னைப் பார்த்தாள். நான் கத்தரிக்காயை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன். பொறியை வைத்தாகிவிட்டது, எலி யாரென்றுதான் அவருக்குத் தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை முழுக்க லைனில் வேடிக்கைதான். படிப்பு தலைக்கேறிய மாமனார் போகிற வருகிறவர்களை எல்லாம் மடக்கினார். "பல்லிக்கு யாரு கிட்டத்து ஒறவு? தவளையா, கோழியா?" எல்லோரும் தவளை என்றார்கள். "தப்பு. கோழி. கீழ எறங்கிப் பாக்கணும்டா." அடுத்தவன் வந்தான். "வௌவாலுக்கு யாரு கிட்ட? காக்காவா, மாடா?" அவன் காக்கா என்றான், வாங்கிக் கட்டிக்கொண்டான். பல்லி சாஸ்திரத்தில் உறுதியான என் மாமியாருக்கு மட்டும் இது பிடிக்கவில்லை.

"பல்லி சொன்னா நடக்கும். கோழி சொன்னா கொழம்பு. ரெண்டும் எப்படிய்யா ஒறவாவும்?" என்றார்.

செவ்வாய்க்கிழமை சாயந்திரம் எங்கள் வீட்டில் முருகன் பஜனை. முடிந்து சுண்டல் கொடுத்து எல்லோரும் போன பிறகு, சின்ன மாமா மட்டும் வெற்றிலை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வெள்ளிக்கிழமை வருகிறவர்களுக்கு என்ன பலகாரம் என்று பேச்சு. நாத்தனார் சாக்பீசைக் கொண்டுவந்து தரையில் வைத்தாள்.

"நைனா, ஒரு சந்தேகம். நம்ம வூடு ஒன்னு, சித்தப்பா வூடு ஒன்னு. ரெண்டும் மேல பக்கத்துல பக்கத்துல நிக்குது. கீழ எங்க சேருது? போட்டுக் காட்டுங்க."

மாமனாருக்கு உற்சாகம். தரையில் ஒரு கோடு இழுத்து, அதிலிருந்து கீழே இறங்கினார். தான், தன் அப்பா, அப்பாவுக்கு அப்பா, குடியாத்தத்துக் கோயில் பூசாரியாக இருந்த கொள்ளுத் தாத்தா. சாக்பீசை அண்ணனிடமிருந்து தம்பி வாங்கினார். அவரும் இறங்கினார். தன் அப்பா, தாத்தா, ஆரணியில் நெசவு, அதற்கு முன்னால் தெரியவில்லை. குலதெய்வம்? இவருக்கு ஒரு சாமி, அவருக்கு வேறு சாமி. பெண் கொடுத்தது எடுத்தது? ஒன்றும் இல்லை. இரண்டு கோடுகளும் பக்கத்துப் பக்கத்தில் இறங்கி, தொடாமலே நின்றன.

"சேரலியே," என்றார் மாமனார்.

"சேரலன்னா இன்னா அர்த்தம் நைனா?"

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. மகளைப் பார்த்தார். சுவரைப் பார்த்தார். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு தட்டு கீழே விழுந்த சத்தம் கேட்டது. எல்லாம் ஒரே நிமிஷத்தில் புரிந்துவிட்டது. என் மாமனார் லேசுப்பட்டவர் இல்லை. சாக்பீசைக் கீழே வைத்தார்.

"உன் படத்துல அடியில எல்லாம் சேருதா இல்லியா?"

"சேருது."

"எறும்பும் நானும் சேர்றோம். வாழை மரமும் நானும் சேர்றோம். எந் தம்பியும் நானும் சேராம பூடுவோமா? நமக்குத் தெரியாத ஆழத்துல சேருவோம். அப்ப அவன் பங்காளிதான். பங்காளி வூட்ல பொண்ணு குடுக்க மாட்டேன்."

எங்கள் படத்தைக் கொண்டே எங்களை மடக்கிவிட்டார். நாத்தனார் விடவில்லை.

"அப்படி ஆழமாப் போனா நீங்களும் அம்மாவும்கூடச் சேருவீங்க நைனா. அப்ப உங்க கல்யாணமே மொறை தப்பு."

அடுப்படியிலிருந்து மாமியார் குரல் வந்தது. "அதைத்தான் நான் அப்பவே சொன்னேன். யாரு கேட்டா?"

நான் வாயில் முந்தானையை வைத்து அழுத்திக்கொண்டேன். ஆனால் திரும்பிப் பார்த்தபோது சிரிப்பு நின்றுவிட்டது. சின்ன மாமா இன்னும் தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். வெற்றிலையை மெல்லவில்லை.

"அண்ணே," என்றார். "அப்ப நான் உனக்கு யாரும் இல்லியா?"

சின்ன மாமா எழுந்து, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போனார். இரண்டு தப்படியில் அவர் வீடு. அன்றைக்கு அது ரொம்ப தூரமாக இருந்தது.

நாத்தனார் அடுப்படியில் என் தோளில் சாய்ந்து அழுதாள். "அவரு மூஞ்சியப் பாத்தியா அண்ணி. என்னைத் தோள்ல தூக்கினு மாரியம்மன் தேர் காட்டினவரு. எனக்குக் கல்யாணமும் வாணாம், ஒன்னும் வாணாம். வாணியம்பாடிக்கே போறேன்." உறவு இல்லை என்று நிரூபித்தால்தான் கல்யாணம் நடக்கும். உறவு இல்லை என்று இவர்களில் யார் வாயால் சொல்வார்கள்? விளக்குக்கு முன்னால் உட்கார்ந்து, முருகா, எங்கள் விளையாட்டுப் புத்தியை மன்னித்து நீயே ஒரு வழி காட்டு என்று வேண்டிக்கொண்டேன். வள்ளியைக் கட்டுவதற்கு நீ ஆடாத ஆட்டமா என்று கொஞ்சம் உரிமையாகவும் சொன்னேன்.

புதன்கிழமை இரண்டு பேரும் தனித்தனியாக ஷிப்டுக்குப் போனார்கள். லைனே வாசலுக்கு வந்து பார்த்தது. அந்த இரண்டு டிபன் கேரியரும் பிரிந்து போய் யாரும் பார்த்ததில்லை. தரையில் இருந்த சாக்பீஸ் கோட்டை அழிக்க வேண்டாம் என்று மாமனார் சொல்லியிருந்தார். நான் அதைத் தாண்டித் தாண்டியே வீடு பெருக்கினேன்.

வியாழக்கிழமை சங்கு ஊதி, ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள். பார்த்தால் இரண்டு பேரும் சேர்ந்து வருகிறார்கள். முகம் இறுகித்தான் இருந்தது, ஆனால் சேர்ந்து வந்தார்கள். அன்று கேஜில் மேலே வரும்போது கூட்டம் நெருக்கி, சரியாக இவர்கள் இரண்டு பேரையும் நெஞ்சோடு நெஞ்சாக நிறுத்திவிட்டதாம். முகத்தைத் திருப்ப இடம் இல்லை. மேலே வந்து சேர்கிறவரை ஒருவர் மூச்சை ஒருவர் வாங்கிக்கொண்டு வந்திருக்கிறார்கள். என்ன பேசினார்கள் என்று கடைசிவரை சொல்லவில்லை. "பீடி நாத்தம் தாங்கல" என்று மட்டும் மாமனார் சொன்னார்.

கால் கழுவக்கூட இல்லை. மாமனார் நேராகக் கூடத்துக்கு வந்து, மகளைக் கூப்பிட்டு, சாக்பீஸ் கேட்டார்.

"ரெண்டு ஷாஃப்டு," என்றார், தரையில் இருந்த கோடுகளைக் காட்டி. "கீழ சேரல. ஒத்துக்கினேன். சேராத ரெண்டு ஷாஃப்டுக்கு நடுவுல நாம இன்னா பண்ணுவோம் தம்பி?"

"க்ராஸ்கட் அடிப்போம்," என்றார் சின்ன மாமா.

"அது அடிச்சி வெச்சதாலதான் அன்னிக்கி நீயும் நானும் பொழச்சோம். ஒரே ஷாஃப்டா இருந்திருந்தா அங்கேயே சமாதி." மேலே, தன் மகள் இருக்கிற இடத்திலிருந்து அவர் பிள்ளை இருக்கிற இடத்துக்குக் குறுக்காக ஒரு கோடு இழுத்தார். கோடு கொஞ்சம் வளைந்தது. "நீ எங்கூடப் பொறந்த தம்பி இல்ல. நம்ம ஒறவு நாம அடிச்ச வழி. இனிமே இன்னொரு வழியும் அடிப்போம்."

சின்ன மாமா முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டார். நாத்தனாரால் மட்டும், டீச்சர் இல்லையா, பல்லைக் கடித்துக்கொண்டு இருக்க முடியவில்லை.

"நைனா, எங்க படத்துல இப்படிக் குறுக்கக் கோடு போடக் கூடாது. பிரிஞ்ச கிளை மறுபடி சேராது. மாடும் கோழியும் சேருமா?"

"அது உன் மரம். இது எம் மைன்," என்றார் மாமனார். "வாயை மூடினு போயி காப்பி எடுத்தா. உன் மாமனாருக்குச் சக்கரை கம்மி."

சின்ன மாமா அப்போதுதான் நெற்றியில் கை வைத்தார். "ஐயோ, அண்ணே, வாணியம்பாடிக்காரங்க நாளைக்கு வராங்களே. நான் கூட்டினு வர்ற மாப்பிள்ளையை நானே போயி நிறுத்தணுமா?"

"நீதான கொண்டாந்த. நீயே போ."

அன்றைக்கே ரயிலேறிப் போனார். அங்கே என்ன வாங்கிக் கட்டிக்கொண்டார் என்று சொல்லவில்லை. ஆனால் அப்புறம் வெகுநாள் அந்த ஊர்ப் பெயரைக் கேட்டாலே காதைத் தடவுவார்.

தை மாதம் கல்யாணம். முறை மாறியதில் யாருக்கும் வாய் பழகவில்லை. தாலி கட்டி முடிந்து காலில் விழுந்தபோது நாத்தனார், "ஆசீர்வாதம் பண்ணுங்க சித்தப்பா" என்றாள், பந்தலே சிரித்தது. சம்பந்தியானபிறகும் அவர்கள் அண்ணன் தம்பி என்றே கூப்பிட்டுக்கொண்டார்கள். மாப்பிள்ளை மட்டும் ஒரு வருஷம்வரை பெண்டாட்டியை "ந்தா" என்றுதான் கூப்பிட்டார்.

இனி, மாமனார் சாமியை விட்டார் என்ற பேச்சுக்கு வருகிறேன். வழி பிறந்த மறுநாள், வெள்ளிக்கிழமை பூஜையின்போது படம் கூடத்தில்தான் விரித்துக் கிடந்தது. மாமனார் முருகனுக்குப் பொட்டு வைத்துவிட்டு, அப்படியே திரும்பிக் குனிந்து, படத்தின் அடியில், எல்லாக் கிளையும் வந்து சேர்கிற அந்த முதல் இடத்தில், விரலால் அழுத்திக் குங்குமம் வைத்துவிட்டார்.

"நைனா, பள்ளிக்கூடத்துப் படம்," என்று நாத்தனார் பதறினாள்.

"எல்லாம் இங்கதான சேருது. இங்க பொட்டு வெக்காம வேற எங்க வெக்கிறது?"

தண்ணீரில் துடைத்தால் தாள் கிழியும். அப்படியே போய்ப் பள்ளிக்கூடச் சுவரில் தொங்கியது. இது என்ன சிவப்பு என்று தலைமை ஆசிரியை அம்மாள் கேட்டாராம். "அது முதல் உயிருங்க அம்மா" என்றாளாம் இவள், முகத்தை வைத்துக்கொண்டு. அந்த வருஷப் பரீட்சையில் பாதி வகுப்பு, முதல் உயிர் சிவப்பாகவும் வட்டமாகவும் இருந்தது என்று எழுதியது. இவள் என்ன செய்வாள், பாதி மார்க் போட்டாள்.

எனக்குத் தெரிந்தது கொஞ்சம்தான். ஆனால் அந்தப் படத்தைப் பார்த்து எனக்குச் சாமி மேல் பயமோ சந்தேகமோ வரவில்லை. காலையில் எறும்புக்காகப் பச்சரிசி மாவில் கோலம் போடுகிறோம். முன்பெல்லாம் தர்மம் என்று போட்டேன். இப்போது தூரத்துச் சொந்தம் வாசலுக்கு வந்திருக்கிறது என்று நினைத்துப் போடுகிறேன், கோடு கொஞ்சம் தடிப்பாகவே விழுகிறது.

படிக்கிறவர்களிடம் ஒன்றே ஒன்று கேட்டுக்கொள்கிறேன். இதை யாரிடமாவது சொன்னால் இப்படியே சொல்லுங்கள். குரங்கை நடுவில் கொண்டுவந்து நிறுத்தாதீர்கள், அது ஓரத்தில்தான் இருந்தது. முருகன் படத்தைச் சுவரிலிருந்து எடுக்காதீர்கள், அதை யாரும் தொடவில்லை. வாணியம்பாடிக்காரர்களைக் கெட்டவர்களாக்க வேண்டாம், பாவம், அவர்கள் பலகாரம்கூடச் சாப்பிடவில்லை. சின்ன மாமா அன்று தரையைப் பார்த்துக் கேட்ட கேள்வியை மட்டும் விட்டுவிடாதீர்கள். அதை விட்டுவிட்டால் மிச்சம் இருப்பது வெறும் வேடிக்கைதான்.